கொல்லிமலைச் சாமையும் கேமராவும்

நாமக்கல் மாவட்டம் காரவள்ளி அடிவாரத்தில் இருந்து மேலே சோளக்காடு போய்ச் சேர 70 கொண்டை ஊசி வளைவுகள். சோளக்காடு சந்தையில் மிளகு, மலைவாழை, பலா, அன்னாசி எல்லாம் கிடைக்கும். ஆகாய கங்கை அருவி, அறப்பளீசுவரர் கோயில், செம்மேட்டில் வல்வில் ஓரி சிலை என்று பார்ப்பதற்கும் நிறைய உண்டு. விவசாயக் கண்ணோடு போகிறவர்களுக்கு மலைச்சரிவுகள்தான் முதலில் கண்ணில் படும். ஒரு காலத்தில் சாமையும் தினையும் கேழ்வரகும் விளைந்த நிலங்களில், பல இடங்களில் இன்று மரவள்ளி நிற்கிறது.

இங்கே வாழ்பவர்களில் பெரும்பாலோர் மலையாளி பழங்குடி மக்கள். கேரளத்துக்கும் இந்தப் பெயருக்கும் சம்பந்தமில்லை. இவர்கள் பேசுவது தமிழ். மழையை நம்பிய காட்டில் சாமையிலேயே பல ரகங்களை விதைத்து வந்தார்கள். கட்டவெட்டிச்சாமை, மல்லியச்சாமை, வெள்ளைப் பெருஞ்சாமை என்று ஒவ்வொன்றுக்கும் ஒரு பெயர். தினையில் செந்தினை, மூக்கன் தினை. அறுத்த தானியம் வீட்டுத் தொம்பையில் பத்திரமாக இருக்கும்.

இப்படி மறையும் வாழ்க்கையை ஆவணப்படமாக எடுத்து வைக்க வேண்டும் என்று பலர் கேமராவைத் தூக்குகிறார்கள். நல்ல வேலைதான். ஆனால் எதைப் படம் பிடிக்கிறோம் என்பதில் கவனம் வேண்டும். 1922-ல் வெளியான 'நானூக் ஆஃப் த நார்த்' உலகின் ஆரம்பகால ஆவணப்படங்களில் பேர்பெற்றது. வட கனடாவின் இன்யூட் மக்களைப் பற்றியது. அப்போதே அவர்கள் துப்பாக்கி பயன்படுத்தினார்கள். இயக்குநர் ராபர்ட் ஃப்ளாஹர்ட்டியோ, பழைய முறையில் ஈட்டியால் வேட்டையாடச் சொல்லிப் படமெடுத்தார். பார்த்தவர்களுக்குப் பழமை கிடைத்தது. அந்த மக்கள் ஏன் மாறினார்கள் என்பது கிடைக்கவில்லை.

கொல்லிமலையிலும் உலக்கை குத்தும் பெண்ணை மட்டும் அழகாகப் படம் பிடித்தால் அதே கதைதான். சாமை பொடி தானியம். உமி இறுகப் பிடித்திருக்கும். உரலில் போட்டுக் குத்தி, புடைத்து, திரும்பவும் குத்த வேண்டும். அந்த வேலை முழுக்கப் பெண்கள் தலையில். இன்னொரு பக்கம், ரேஷன் அரிசி ஊருக்கே வந்தது. மரவள்ளிக் கிழங்குக்கு சேலம், நாமக்கல் பகுதி ஜவ்வரிசி ஆலைகளில் கிராக்கி இருந்தது; விற்றால் கையில் பணம். சாமை குறைந்ததில் ஆச்சரியம் என்ன?

எம்.எஸ்.சுவாமிநாதன் ஆராய்ச்சி நிறுவனம் 1990-களில் இருந்து இங்கே சிறுதானியங்களுக்காக வேலை செய்கிறது. விதைகளைச் சேகரித்து ஊர் விதை வங்கிகள் அமைத்தார்கள். கூடவே, உமி நீக்கும் இயந்திரங்களைக் கிராமங்களுக்குக் கொண்டு வந்து சுய உதவிக் குழுக்களிடம் ஒப்படைத்தார்கள். தானியத்தை மதிப்புக்கூட்டி விற்கவும் வழி செய்தார்கள். உலக்கைப் பாரம் குறைந்து, விலையும் கிடைத்தால்தான் மறுபடி விதைக்க மனசு வரும். பாரம்பரியம் பிழைப்பதற்கு இந்த இரண்டும் முக்கியம்.

இன்று நம் எல்லோர் கையிலும் செல்போன் இருக்கிறது. வீட்டுப் பெரியவர்களை உட்கார வைத்து வீடியோ எடுங்கள். எந்த மண்ணில் எந்த ரகம், எந்த மாதம் விதைப்பு, விதைக்கு எந்தக் கதிரை ஒதுக்குவது, பூச்சி விழாமல் எப்படி வைப்பது என்று கேளுங்கள். அந்தப் பயிரை ஏன் விட்டார்கள் என்பதையும் கேளுங்கள். திரும்பப் பயிர் செய்ய நினைப்பவருக்கு அதுதான் உதவும். விதை மிச்சமிருந்தால் அரை சென்ட்டிலாவது போட்டு வையுங்கள். ஆண்டுக் கணக்கில் தொம்பையிலேயே கிடந்தால் முளைப்புத்திறன் போய்விடும். வீடியோவைப் பார்த்து யாரும் விதைக்க முடியாது.