எச்சரிக்கையைப் படித்துவிட்டுத்தான் மூடினேன்

"ஹார்ட் டிஸ்க் செத்துப்போச்சு, பிட்காயினும் போச்சு" என்றுதான் என் தங்கை வீட்டுக்காரரிடம் அன்றைக்குச் சொன்னேன். அது பாதி உண்மை. மறைத்த மீதியை இங்கே எழுதுகிறேன்.

2013-இல் என் பிட்காயினோடு, அவர் தந்த பணத்தில் வாங்கியதையும் ஒரே வாலட்டில் வைத்திருந்தேன். அந்த வாலட் கோப்பைப் பென் டிரைவில் நகலெடுத்தேன். பிறகுதான் அதற்குக் கடவுச்சொல் போட்டேன். உடனே திரையில் எச்சரிக்கை வந்தது: முன்பு எடுத்த நகல்கள் இனிப் பயன்படாது, புதிதாக நகலெடுங்கள் என்று. முழுவதும் படித்தேன். அப்புறம் பார்த்துக்கொள்ளலாம் என்று 'ஓகே'யை அழுத்தினேன்.

அந்தக் கோப்பில் இருப்பது காசு அல்ல, சாவிகள். அந்தக் காலத்து வாலட் மென்பொருள் நூறு சாவிகளை முன்கூட்டியே உருவாக்கி வைத்துக்கொள்ளும். கடவுச்சொல் போட்டதும் அந்தக் கையிருப்பை ஒதுக்கிவிட்டுப் புதுச் சாவிகளை உருவாக்கும். அதன்பின் ஒருவருக்குச் சிறு தொகை அனுப்பினேன். பிட்காயினில் கொடுத்ததுபோக மிச்சம் ஒரு புதிய முகவரிக்குத் திரும்பி வரும். எங்கள் மிச்சம் முழுவதும் அப்படி வந்தது, பென் டிரைவில் இல்லாத சாவிக்கு.

டிஸ்க் பழுதானபின் பழைய நகலைத் திறந்தேன். மொத்தமும் வெளியே போய்விட்டதாகக் காட்டியது. காரணம் எனக்கு அப்போதே புரிந்தது. ஆனாலும் பழியை டிஸ்க்மேல் போட்டேன். விவரம் தெரிந்தவன் என்று நம்பித்தானே பணம் கொடுத்தார், அந்தப் பெயரை இழக்க மனம் வரவில்லை.

அண்மையில் அவரிடம் எல்லாவற்றையும் சொன்னேன். "அப்பவே சொல்லியிருக்கலாமே மச்சான்" என்றார். வேறொன்றும் சொல்லவில்லை. அவர் கொடுத்த ரூபாயைத் திருப்பிக் கொடுத்துவிட்டேன். அந்தப் பிட்காயினின் இன்றைய மதிப்பைக் கொடுக்க என்னால் முடியாது.

2016-இல் அந்த மென்பொருள் (பிட்காயின் கோர்) ஒரே மூலத்திலிருந்து எல்லாச் சாவிகளையும் உருவாக்கும் முறைக்கு மாறியது. இப்போது பல வாலட்கள் மீட்பதற்கென்று 12 அல்லது 24 சொற்களைத் தருகின்றன. அவற்றைப் போட்டோ எடுக்காதீர்கள். தாளில் எழுதி இரண்டு இடங்களில் பத்திரப்படுத்துங்கள். பெரிய தொகையைப் போடுமுன், அந்தச் சொற்களை வைத்து வாலட்டை ஒருமுறை மீட்டுப் பாருங்கள். மீட்டுப் பார்க்காத நகலை நம்பி அடுத்தவர் பணத்தைக் கையில் வாங்காதீர்கள்.