பேசாப்படமும் பேசாப் பிள்ளையும்



தென்னிந்தியாவின் முதல் கதைப்படம் ஒரு பேசாப்படமே. ஆர். நடராஜ முதலியார் 1910களின் பிற்பகுதியில் சென்னையில் எடுத்த 'கீசக வதம்' அது. நாடிழந்த வீமன், பெயரை மறைத்து, விராடன் அடுக்களையில் சமையற்காரனாக வாழ்கின்றான். அப்படத்தின் பிரதி ஒன்றுகூட இன்று இல்லை. ஆயினும் வீமன் யாரென நாம் அறிவோம். ஏனெனில் அவன் கதையை நமக்குச் சொல்லியிருக்கிறார்கள்.

1925இல் வெளிவந்த 'ஓரோச்சி' என்னும் ஜப்பானியப் பேசாப்படம் அழியாமல் எஞ்சியுள்ளது. பந்தோ த்சுமாசாபுரோ அதில் ஓர் எளிய சாமுராயாக நடித்தார். அவன் நல்லெண்ணத்துடன் செய்பவை யாவும் தவறாகவே கொள்ளப்படுகின்றன. குருவின் இல்லத்திலிருந்து நீக்கப்பட்டு, ஊர் ஊராய் அலைகின்றான். செல்லுமிடமெல்லாம் 'போக்கிரி' என்ற பெயர் அவனுக்கு முன்பே சென்றுவிடுகிறது. ஊர் போற்றும் பெரியவரோ உள்ளே கயவர். அவரிடமிருந்து ஒரு பெண்ணைக் காக்க வாளெடுத்தவன், இறுதியில் கட்டுண்டு செல்கின்றான்.

அக்காலத்தில் ஜப்பானியத் திரையரங்குகளில் 'பென்ஷி' எனும் கதைசொல்லி திரையருகே நின்று பேசுவார். தமிழ்நாட்டிலும் பேசாப்படங்களுக்கு விளக்கம் சொல்வோர் இருந்தனர். படம் ஒன்றுதான், சொல்பவர் வாக்கைப் பொறுத்து அதே மனிதன் வீரனாகலாம், கயவனுமாகலாம்.

கிள்ளானில் என் நான்காம் ஆண்டு வகுப்புக்கு ஒரு மாணவன் வந்தான். தந்தை லாரி ஓட்டுநர். பிரிக்பீல்ட்ஸ், பூச்சோங், பின்னர் கிள்ளான் என நான்காண்டில் மூன்று பள்ளிகள். 'அடங்காதவன்' என்ற சொல் அவனுக்கு முன்பே ஆசிரியர் அறைக்கு வந்திருந்தது. வகுப்பில் அவன் வாய் திறப்பதில்லை.

ஒருநாள் 'ஓரோச்சி'யின் இறுதிச் சண்டையில் ஐந்து நிமிடங்களை ஒலியின்றிக் காட்டி, "இவன் என்ன செய்கிறான்? தமிழில் சொல்லுங்கள்" என்றேன். "எல்லாரையும் வெட்டுறான்" என்றனர் பலர். பின்வரிசையிலிருந்து அவன் குரல் வந்தது: "இல்ல டீச்சர். அவன் வழி விடச் சொல்றான். யாரும் விட மாட்றாங்க."

அன்று அவன் எழுதிய ஏழு வரிகளே அவ்வாண்டில் அவன் எழுதிய முதல் கட்டுரை.

ஆண்டிறுதியில் பிள்ளைகளை அடுத்த ஆசிரியரிடம் ஒப்படைக்கிறோம். அப்போது நாமும் கதைசொல்லிகளே. 'அடங்காதவன்' என்பது ஒரு சொல். 'மூன்று பள்ளிகள் மாறியவன், படத்தைக் கூர்ந்து பார்ப்பவன்' என்பது ஒரு கதை. எதை ஒப்படைக்கப் போகிறோம்? பெற்றோர்களே, உங்கள் பிள்ளையின் கதையை எங்களிடம் முதல் வாரத்திலேயே சொல்லுங்கள்.