வளைவில்தான் தெரியும்

வடலூர் நான்கு முனைச் சந்திப்பைத் தாண்டி நெய்வேலி சாலையில் ஒரு ஒர்க்‌ஷாப். நான் போன காலையில் அங்கே பழைய ஸ்விஃப்ட் ஒன்று ஜாக்கி ஏறி நின்றது. டிக்கிக்கு மேல் பெரிய ஸ்பாய்லர், அகலவாய் சைலன்சர், கதவில் ‘ஸ்போர்ட்ஸ்’ என்று ஸ்டிக்கர். நெய்வேலி டவுன்ஷிப்பிலிருந்து அதை ஓட்டி வந்த இளைஞர் ஆசையோடு கேட்டார்: “அண்ணே, இப்ப இது ஸ்போர்ட்ஸ் கார்தானே?”

“ஆர்.சி.யில மோட்டார் கார்னுதான் தம்பி போட்டிருக்கு” என்றபடி மெக்கானிக் பானட்டைத் திறந்தார். உள்ளே 1298 சி.சி. என்ஜின். ஸ்விஃப்டின் இந்த 1300 சி.சி. என்ஜினை வைத்துத்தான் கோவையின் எல்.ஜி.பி. ஃபார்முலா 4 பந்தய வண்டியும் ஓடுகிறது. இருங்காட்டுக்கோட்டை ஓடுதளத்தில் அதைப் பார்த்திருக்கிறேன். 3.7 கிலோமீட்டர் சுற்றில் 12 வளைவுகள். ஒவ்வொன்றிலும் தரையோடு ஒட்டித் திரும்பும்.

அதே என்ஜின் இருந்தும் ஸ்விஃப்ட் ஏன் அப்படித் திரும்புவதில்லை? மெக்கானிக் கை வைத்துக் காட்டினார். ஸ்விஃப்டில் என்ஜின், கியர்பாக்ஸ், ஆக்ஸில் எல்லாம் முன்பக்கம். பாரத்தின் பெரும்பகுதியைச் சுமப்பதும் வண்டியை இழுப்பதும் திரும்புவதும் அதே முன்சக்கரங்கள்தான். கூரையும் உயரம், திரும்பினால் வண்டி சாய்கிறது. பந்தய வண்டியிலோ என்ஜின் ஓட்டுநரின் முதுகுக்குப் பின்னால், உட்காருவதே தரைமட்டத்தில்.

சாலையில் ஓடும் ஸ்போர்ட்ஸ் காருக்கும் பாரம் தாழ்வாகவும் சமமாகவும் அமைவதுதான் இலக்கணம். 1989இல் வந்த மாஸ்டா எம்.எக்ஸ்-5இல் இருந்ததும் 1.6 லிட்டர் என்ஜின்தான். ஆனால் இரண்டே இருக்கை, ஒரு டன்னுக்கும் குறைவான எடை, முன்னும் பின்னும் ஏறக்குறைய சரிபாதியாகப் பாரம், பின்சக்கரம் தள்ளும் வண்டி. இதுவரை பத்து லட்சத்துக்கு மேல் தயாராகிவிட்டது. குதிரைத்திறன் அல்ல, வளைவில் ஓட்டுபவர் சொன்னபடி கேட்பதுதான் ஸ்போர்ட்ஸ் கார்.

கடைசியாக மெக்கானிக் முன்டயரைச் சுழற்றிக் காட்டினார். உள்ஓரத்தில் பட்டன் தேய்ந்து, 1.6 மில்லிமீட்டர் எல்லையைக் காட்டும் மேடு ரப்பரோடு சமமாகிவிட்டது. இளைஞரின் முகம் மாறியது.

தம்பிகளே, நிலக்கரி லாரிகளும் வள்ளலாரின் சத்திய ஞான சபைக்கு நடந்து வரும் பக்தர்களும் பயன்படுத்தும் சாலை இது. வேகத்துக்கு ஓடுதளம் இருக்கிறது. ஸ்பாய்லருக்குச் செலவழிக்கும் பணத்தில் முதலில் நல்ல டயர் போடுங்கள்.