எடைக்குப் போடும் முன்...

பழைய புத்தகங்களைத் தேடிக் கண்டுபிடித்தவர் யார் என்று கேட்டால் எல்லோரும் உ.வே.சாமிநாதையர் பெயரைத்தான் சொல்வார்கள். நியாயம்தான். சீவக சிந்தாமணியை 1887-லும் புறநானூற்றை 1894-லும் அச்சில் கொண்டுவந்தவர் அவர். ஆனால் காவியங்களைத் தேடவாவது ஒருவர் இருந்தார். சமையல் புத்தகத்தையும், காலணா பாட்டுப் புத்தகத்தையும், நாடக நோட்டீசையும் யார் தேடுவார்கள்?

அதற்கும் ஒருவர் இருந்தார்! காரைக்குடி பக்கத்தில் உள்ள கோட்டையூரைச் சேர்ந்த ரோஜா முத்தையா செட்டியார். பெரிய பேராசிரியர் எல்லாம் இல்லை. சென்னையில் விளம்பரப் பலகை எழுதிக்கொண்டிருந்த ஓவியர். பழைய புத்தகக் கடைகளில் ஆரம்பித்த பழக்கம், கடைசியில் ஒரு வீடு நிறையப் புத்தகமாகிவிட்டது. சித்த வைத்தியம், சோதிடம், சமையல், சினிமாப் பாட்டுப் புத்தகம், கல்யாணப் பத்திரிகை... எதையும் அவர் 'இது வேண்டாம்' என்று ஒதுக்கவில்லை. 1992-ல் அவர் இறந்தபோது சேர்ந்திருந்தவை சுமார் ஒரு லட்சம். 1994-ல் சிகாகோ பல்கலைக்கழகம் அவற்றை வாங்கியது. நல்லவேளையாக அமெரிக்காவுக்குக் கொண்டுபோகவில்லை. இன்று சென்னை தரமணியில் ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகமாக இருக்கிறது.

சரி, அப்படி என்ன இருக்கிறது பழைய புத்தகங்களில்?

கணக்கதிகாரம் என்று ஒரு நூல். காரி நாயனார் செய்தது. பலாப்பழத்தை வெட்டாமலே உள்ளே எத்தனை சுளை என்று சொல்ல அதில் ஒரு வழி உண்டு. காம்பைச் சுற்றியுள்ள சின்ன முள்ளை எண்ணி, ஆறால் பெருக்கி, ஐந்தால் வகுக்க வேண்டும். 50 முள் என்றால் 60 சுளை. (சரியாக வருகிறதா என்று சீசனில் பார்த்துக்கொள்ளுங்கள்!)

யாழ்ப்பாணம் மானிப்பாயில் வைத்தியம் பார்த்தவர் சாமுவேல் பிஸ்க் கிறீன் என்ற அமெரிக்க மிஷனரி. அவரும் அவருடைய மாணவர்களும் பிரசவ வைத்தியம், இரண வைத்தியம், உடற்கூறு எல்லாவற்றையும் தமிழில் புத்தகமாக்கினார்கள். 1875-ல் வந்த வேதியியல் நூலின் பெயர் 'கெமிஸ்தம்'. தமிழில் அறிவியல் படிக்க முடியுமா என்று இன்றும் பட்டிமன்றம் நடக்கிறது. அன்று படித்தே டாக்டராகியிருக்கிறார்கள்.

குஜிலிப் புத்தகங்கள் இன்னொரு ரகம். கொலை, வெள்ளம், ரயில் விபத்து என எது நடந்தாலும் உடனே பாட்டாகக் கட்டி, மட்டக் காகிதத்தில் அச்சடித்துத் தெருவில் விற்பார்கள். அந்தக் கால சாதாரண ஜனங்கள் எதற்குப் பயந்தார்கள், எதைப் பேசினார்கள் என்று தெரிய வேண்டுமானால் இவற்றைத்தான் பார்க்க வேண்டும்.

இதில் ஒரு வேடிக்கை உண்டு. அரிதாகிப்போகும் புத்தகம் குறைவாக விற்ற புத்தகமாகத்தான் இருக்க வேண்டும் என்பதில்லை. நிறைய விற்று, நிறையப் புழங்கிய புத்தகம்தான் பல சமயம் முதலில் அழியும்! சமையல் புத்தகம் அடுப்படியில் எண்ணெய் பட்டுக் கிழியும். பாட்டுப் புத்தகம் கைமாறிக் கைமாறிக் கந்தலாகும். யாரும் தொடாத கெட்டி அட்டைப் புத்தகம் மட்டும் அலமாரியில் பத்திரமாக இருக்கும்.

பத்திரமாக இருப்பதும் நிரந்தரம் இல்லை. 1981-ல் யாழ்ப்பாணப் பொது நூலகம் எரிக்கப்பட்டபோது போனவை சுமார் 97,000. அவற்றில் வேறெங்கும் பிரதி இல்லாதவையும் இருந்தன. 2005-ல் தொடங்கிய 'நூலகம்' திட்டம் ஈழத்து நூல்களை இணையத்தில் ஏற்றிவருவதற்குப் பின்னால் இந்த வலியும் இருக்கிறது.

எடைக்கு எடுப்பவர் தராசில் எல்லாப் புத்தகமும் ஒரே விலைதான். ஆகவே பரணைச் சுத்தம் செய்யும்போது, பழைய புத்தகம் கிடைத்தால் முதல் பக்கத்தில் ஆண்டும் அச்சுக்கூடத்தின் பெயரும் இருக்கிறதா பாருங்கள். கிழிந்திருந்தால் செல்லோ டேப் மட்டும் ஒட்டாதீர்கள், நாளடைவில் மஞ்சளாகித் தாளையே கெடுத்துவிடும். இணைய நூலகங்களில் அந்தப் பெயரைத் தேடுங்கள். இல்லையென்றால், ஒருவேளை உங்கள் கையில் இருப்பதுதான் கடைசிப் பிரதியோ என்னவோ!