உள்ளங்கால் திறக்கும் பூட்டு

நின்டெண்டோவின் வீ மெஷினில் ஆடும் உடற்பயிற்சி விளையாட்டான வீ ஃபிட்டின் வட்டை முதன்முதலாகப் போட்ட அன்றே பெங்குயினைப் பனிக்கட்டி மேல் சறுக்கவிட முடியாது. இரண்டு கட்டடங்களுக்கு நடுவே கட்டிய கயிற்றில் நடக்கவும் முடியாது. பேலன்ஸ் விளையாட்டுப் பட்டியலைத் திறந்தால் பல இடங்கள் பூட்டிக் கிடக்கும். பனிச்சரிவில் இறங்கும் ஸ்கீ, பந்தைத் தலையால் முட்டும் சாக்கர் ஹெடிங், மேசையைச் சாய்த்து உருண்டையைக் குழிக்குள் தள்ளும் டேபிள் டில்ட் என்று கையில் கிடைத்ததை வைத்துத்தான் தொடங்க வேண்டும். செய்கிற ஒவ்வொரு நிமிடப் பயிற்சியும் ஓர் உண்டியலில் கிரெடிட்டாக விழும். உண்டியல் நிரம்ப நிரம்ப ஒவ்வொரு பூட்டாகத் திறக்கும்.

மதுரை சிம்மக்கல்லில், வைகையின் தென்கரையை ஒட்டிய சந்து ஒன்றில், பல வருடமாக, இந்த விளையாட்டை ஆட ஏறி நிற்க வேண்டிய பலகை மேல் நின்று வருகிறேன். சிங்கப்பூரில் இருக்கும் சித்தப்பா மகன் ஊருக்கு வந்தபோது கொண்டுவந்து கொடுத்தது. அந்தப் பூட்டுகள் ஆளை இழுத்துப் பிடித்து வைக்கிற தந்திரம் என்று சொல்பவர்கள் உண்டு. எனக்கு அதில் உடன்பாடு இல்லை. பூட்டு திறக்கக் காத்திருக்கும் நேரத்தில்தான் உடம்பின் எடை எங்கே இறங்குகிறது என்பதை உள்ளங்கால் தெரிந்துகொள்கிறது. அந்தத் தெளிவு வருவதற்கு முன் பெங்குயின் கிடைத்தாலும் அது கடலில்தான் விழுந்துகொண்டிருக்கும்.

பலகை எப்படி வேலை செய்கிறது என்று தெரிந்தால் பாதி வித்தை கைக்கு வந்துவிடும். மரியோவை உருவாக்கிய ஷிகெரு மியாமோட்டோ தினமும் எடை பார்த்து, அதை வரைபடமாகக் குறித்து வைக்கும் பழக்கம் உடையவர். அந்தப் பழக்கத்திலிருந்து பிறந்ததுதான் வீ ஃபிட். நின்டெண்டோ இதை 2007 ஜூலையில் அறிவித்தது. அதே வருடம் டிசம்பர் 1 அன்று ஜப்பானில் விற்பனைக்கு வந்தது. பலகையின் நீளம் சுமார் 51 சென்டிமீட்டர், அகலம் 32 சென்டிமீட்டருக்குச் சற்றே குறைவு. நான்கு மூலைகளிலும் எடையை உணரும் சென்சார் ஒவ்வொன்று இருக்கிறது. நான்கையும் கூட்டினால் உங்கள் எடை. நான்குக்கும் உள்ள வித்தியாசத்தைக் கணக்கிட்டால் அழுத்தத்தின் மையம். திரையில் தெரியும் சிவப்புப் புள்ளி அந்த மையம்தான்.

ஆக, உங்கள் தோள் எந்தப் பக்கம் சாய்ந்தது, இடுப்பை எவ்வளவு வளைத்தீர்கள், கையை எங்கே வீசினீர்கள் என்பதெல்லாம் பலகைக்குத் தெரியாது. பாதம் எங்கே அழுத்துகிறது என்பது ஒன்றுதான் அதற்குத் தெரியும். புதிதாக ஏறுகிறவர் எவரையும் கவனித்துப் பாருங்கள். இடது பக்கம் போக வேண்டுமென்றால் தலையையும் தோளையும் இடது பக்கம் தள்ளுவார். தலை போன வேகத்தை ஈடுகட்ட இடுப்பு வலது பக்கம் ஒதுங்கும். புள்ளி நகராது, அல்லது எதிர்ப்பக்கம் ஓடும். பழகியவர் மேலுடம்பை நிமிர்த்தி அப்படியே விட்டுவிட்டு, கணுக்காலிலிருந்து மட்டும் சாய்வார். வெளியிலிருந்து பார்ப்பவருக்கு அவர் சும்மா நிற்பது போலவே இருக்கும். நிற்கும் உடல் சிறிய தள்ளாட்டத்தைக் கணுக்காலாலும் பெரிய தள்ளாட்டத்தை இடுப்பாலும் சரிசெய்கிறது என்று உடலியக்க ஆய்வாளர்கள் பிரித்துச் சொல்வார்கள். இந்த விளையாட்டுகளில் மேலே ஏறுவது என்றால் இடுப்பிடமிருந்து வேலையைப் பிடுங்கிக் கணுக்காலிடம் கொடுப்பதுதான்.

அதற்கு முன்னால் தரையைக் கவனிக்க வேண்டும். நம் பக்கத்து வீடுகளில் கழுவிவிட்ட தண்ணீர் ஓடுவதற்காகத் தரைக்கு வாட்டம் கொடுத்திருப்பார்கள். கண்ணுக்குத் தெரியாத அந்தச் சரிவு பலகைக்குத் தெரியும். கொத்தனாரின் ரசமட்டத்தை வாங்கிக் கூடத்தில் நாலு இடத்தில் வைத்துப் பார்த்து, குமிழி நடுவில் நிற்கும் இடத்தைச் சாக்பீஸால் குறித்துக்கொள்ளுங்கள். மரச்சட்டம் போட்ட பழைய மச்சில் வைக்காதீர்கள். யானைக்கல் பக்கம் லாரி திரும்பினாலே மச்சு அதிரும். செருப்பு, சாக்ஸ் எதுவும் வேண்டாம், வெறுங்கால்தான். மதுரை வெயிலில் உள்ளங்கால் வியர்த்து வழுக்கும், பக்கத்தில் ஒரு துண்டு இருக்கட்டும்.

டிவி பற்றியும் ஒரு வார்த்தை. பழைய பெட்டி டிவியை இந்த விளையாட்டுக்காகவே விற்காமல் வைத்திருக்கிறேன். பல தட்டை டிவிகள் படத்தைத் திருத்திக் காட்ட ஒரு கணம் எடுத்துக்கொள்கின்றன. சினிமா பார்க்கிறவருக்கு அது தெரியாது. இங்கே அந்தக் கணத்துக்குள் பாதம் அடுத்த அழுத்தத்தைக் கொடுத்திருக்கும். தட்டை டிவிதான் இருக்கிறது என்றால் அமைப்பில் கேம் மோட் என்ற ஒன்றைத் தேடி இயக்குங்கள், பெரும்பாலும் சரியாகிவிடும்.

உண்டியலை நிரப்ப, இதே வட்டின் யோகாப் பகுதியில் இருக்கும் விருட்சாசனத்தைப் போல் எதுவும் இல்லை. கிரெடிட்டுக்காக ஒரே லேசான விளையாட்டைத் திரும்பத் திரும்ப ஆடுகிறவர்களும் உண்டு. பூட்டு திறக்கும், பாதம் திறக்காது. ஒற்றைக்காலில் நின்று சிவப்புப் புள்ளியை மஞ்சள் வட்டத்துக்குள் வைத்திருக்கப் பழகினால் பெருவிரல், சுண்டுவிரலின் அடி, குதிகால் மூன்றும் தனித்தனியாக என்ன செய்கின்றன என்று தெரியவரும். பிறகு புள்ளியைப் பார்ப்பதையே விட்டுவிட வேண்டும். கண், உட்காது, தசையிலும் மூட்டிலும் உள்ள உணர்வு மூன்றும் சேர்ந்துதான் நம்மை நிற்க வைக்கின்றன. கண் புள்ளியைத் துரத்த ஆரம்பித்தால், நடந்து முடிந்த தள்ளாட்டத்துக்குத் தாமதமாகத் திருத்தம் கொடுத்துக்கொண்டே இருப்போம். தள்ளாட்டம் அடங்காது, வளரும். பார்வையைத் திரையின் நடுவில் பொதுவாக வைத்துவிட்டுப் பாதத்தை நம்புங்கள்.

ஹெடிங்கில் பந்துகளோடு ஷூவும் பாண்டா தலையும் பறந்து வரும். அவற்றுக்கு விலகி, பந்தை மட்டும் முட்ட வேண்டும். ஒவ்வொரு முட்டுக்கும் பிறகு நடுவுக்குத் திரும்பி வருவதுதான் இதில் உள்ள ஒரே பாடம். ஸ்கீ ஜம்ப்பில் முழங்காலை மடக்கி முன்பாதத்தில் எடையைத் தேக்கி, விளிம்பு வந்ததும் சட்டென்று நிமிர வேண்டும். உண்மையிலேயே குதித்துவிடக் கூடாது. பாதம் பலகையை விட்டுப் போகக் கூடாது. நிமிர்ந்த பிறகு காற்றில் இருக்கும்வரை அசையாமல் நிற்பவருக்குத்தான் தூரம் கிடைக்கும்.

கயிற்றில் நடக்கும் டைட்ரோப் வாக்கில்தான் பலர் வெறுத்துப்போய் விடுகிறார்கள். அவர்களுக்காகக் கொஞ்சம் விரிவாகச் சொல்கிறேன். பலகையில் நின்ற இடத்திலேயே கால் மாற்றி மிதித்தால் திரையில் உருவம் நடக்கும். ஒவ்வொரு மிதிக்கும் முழு எடையும் ஒரு காலுக்குப் போவதால் சாய்வு தானாகவே பிறக்கிறது. காலை உயர்த்தி உயர்த்தி வைத்தால் சாய்வு பெருகும். குதிகால் மட்டும் பலகையை விட்டு ஒரு விரல்கடை எழும்பினால் போதும், விரல்கள் ஒட்டியே இருக்கட்டும். உருவம் ஒரு பக்கம் சாயத் தொடங்கினால் நடையை நிறுத்துங்கள். எதிர்ப்பக்கம் மெல்ல அழுத்தி, உருவம் நிமிர்ந்த பிறகு அடுத்த அடி. எதிரே பல்லைக் காட்டிக்கொண்டு ஒரு இரும்புத் தாடை உருண்டு வரும். அப்போது இரண்டு காலிலும் சமமாக நின்று, முழங்காலை மடக்கி நிமிர்ந்தால் உருவம் அதைத் தாண்டிக் குதிக்கும். இறங்கும்போது ஒரு பக்கம் கனத்தால் அடுத்த அடியிலேயே கீழே போய்விடும். கழைக்கூத்தாடியின் கையில் இருக்கும் நீளக் கம்பு உடல் சாயும் வேகத்தைக் குறைத்து, திருத்திக்கொள்ள அவகாசம் கொடுக்கிறது. நமக்குக் கம்பு கிடையாது. அந்த அவகாசத்தை நிதானமாக நடந்துதான் சம்பாதிக்க வேண்டும்.

பெங்குயின் ஸ்லைடு இதற்கு நேர் எதிர். இங்கே நிதானம் உதவாது. பனிக்கட்டி இடமும் வலமும் சாய, மேலே குதிக்கும் மீன்களைப் பெங்குயின் பிடிக்க வேண்டும், 90 நொடிக்குள். நீல மீனுக்கு 1, பச்சைக்கு 2, சிவப்புக்கு 10 புள்ளி. சிவப்பு மீன் ஓரத்தில் உயரே எழும்பும். அதைப் பிடிக்கப் பெங்குயினை ஓரம்வரை சறுக்கவிட்டு, விழப்போகும் நேரத்தில் எதிர்ப் பாதத்தைச் சுளீரென்று அழுத்தினால் பனிக்கட்டி அதை மேலே எறியும். இந்த அழுத்தம் தொடையிலிருந்து வந்தால் தாமதமாகும். குதிகாலிலிருந்து வர வேண்டும். சிவப்பைத் துரத்தி இரண்டு முறை தண்ணீரில் விழுவதைவிட, நடுவில் இருந்தபடி பச்சை மீன்களைத் தவறாமல் பிடிப்பது நல்லது என்பேன். கால் பழகிய பிறகு சிவப்பு தானாக வந்து சேரும்.

ஸ்னோபோர்டுக்குப் பலகையையே திருப்பிப் போட்டு, டிவிக்குப் பக்கவாட்டில் நிற்க வேண்டும். அதுவரை இடது, வலது என்று பழகிய கால் இப்போது விரல், குதி என்று பேச வேண்டும். முன்னும் பின்னும் சாய்வதற்குப் பாதத்தின் நீளம்தான் நமக்கு உள்ள மொத்த இடம். அதனால், இந்த ஆட்டத்தை நான் மற்றவற்றைவிட மதிக்கிறேன்.

எல்லாவற்றிலும் கடினமானது லோட்டஸ் போகஸ். அதில் நிற்கவே வேண்டாம். பலகை மேல் சம்மணம் போட்டு உட்கார வேண்டும். திரையில் ஒரு மெழுகுவர்த்தி எரியும். அசைந்தால் சுடர் நடுங்கும், மேலும் அசைந்தால் அணைந்துவிடும். முழு நேரம் 180 நொடி. இடையில் பூச்சி பறக்கும், பின்னால் யாரோ நடந்து வரும் சத்தம் கேட்கும். தசையால் ஜெயிக்க முடியாத விளையாட்டு இது. மற்ற எல்லாவற்றிலும் சரிசெய்வதுதான் வேலை. இங்கே சரிசெய்யப் போனதே அசைவாகப் பதிவாகும்.

கீழ்வீட்டுப் பெரியம்மா ஒருநாள் மல்லிகை கட்டி முடித்துவிட்டு மேலே வந்தார். "ஏம்ப்பா, எடை பாக்குற மிஷின் மேல ஏறிக்கிட்டு என்ன ஆட்டம் இது?" என்றார். "நீங்க உக்காந்து பாருங்க பெரியம்மா" என்று பலகையைத் தரையில் தள்ளி வைத்தேன். உட்கார்ந்தார். சுடர் கடைசிவரை நிமிர்ந்தே எரிந்தது. எப்படி என்று கேட்டேன். "நீ மூச்சப் புடிச்சுக்கிட்டு உக்கார்ற. புடிச்சத விடும்போது ஆடத்தான செய்யும்? அது பாட்டுக்குப் போகட்டும், விடு" என்றார். அது உண்மை. மூச்சு உள்ளே போய் வெளியே வரும்போது அழுத்த மையம் சிறிதளவு நகரும். ஒரே சீராகப் போய்வந்தால் சுடர் அதைப் பொறுத்துக்கொள்கிறது, அடக்கி விட்டால் பொறுத்துக்கொள்வதில்லை. வாழ்நாள் முழுக்கத் தரையில் உட்கார்ந்து பூக் கட்டியவர் அவர். தரையில் இலை போட்டுச் சாப்பிட்டு, தரையில் உட்கார்ந்து படித்து வளர்ந்த நம் ஆட்களுக்கு இந்த ஒரு விளையாட்டில் இயல்பாகவே ஒரு சாதகம் இருக்கிறது. சோபாவுக்கு மாறிய பிறகு அதையும் இழந்து வருகிறோம் என்பது என் வருத்தம். சித்ரா பௌர்ணமியை ஒட்டி, அழகர் ஆற்றில் இறங்கும் நாட்களில் மட்டும் எங்கள் தெருவில் இந்த விளையாட்டுக்கு வழியே இல்லை. கொட்டும் கூட்டமுமாக இருக்கும்போது சுடராவது, ஒன்றாவது. அந்த வாரம் நான் பெங்குயினோடு இருந்துவிடுவேன்.

இது வெறும் பொம்மை என்று ஒதுக்குகிறவர்களுக்கு ஒரு தகவல். ஆஸ்திரேலியாவில் ராஸ் கிளார்க்கும் அவருடைய குழுவினரும் இந்தப் பலகையை ஆய்வகங்களில் பயன்படும் விலையுயர்ந்த அழுத்த மேடையோடு ஒப்பிட்டு, 2010ல் கெய்ட் அண்ட் பாஸ்சர் இதழில் முடிவை வெளியிட்டார்கள். நிற்கும்போது உண்டாகும் தள்ளாட்டத்தை அளப்பதில் பலகை நம்பத் தகுந்தது என்று கண்டார்கள். பிசியோதெரபி மையங்களும் பல நாடுகளில் இதை எடுத்துக்கொண்டன. ஆனாலும் இது மருந்து என்று நான் சொல்லவில்லை. தலைசுற்றல் உள்ளவர்களும் அண்மையில் விழுந்தவர்களும் மருத்துவரைக் கேட்ட பிறகு ஏறுங்கள். பெரியவர்கள் ஏறும்போது கைக்கெட்டும் தூரத்தில் கனமான நாற்காலி ஒன்று இருக்கட்டும்.

உலகம் முழுவதும் 3 கோடிக்கும் மேல் விற்ற பலகை இது. 2019ல் நின்டெண்டோவின் ஸ்விட்ச் மெஷினுக்கு ரிங் ஃபிட் அட்வென்சர் வந்தது. நல்ல விளையாட்டுதான், ஆனால் அதில் வளையத்தை அழுத்தும் கைக்கும் ஓடும் காலுக்கும் வேலை, உள்ளங்காலுக்கு இல்லை. வீயின் இணையக் கடை மூடிவிட்டது, புதுப் பலகையும் கடையில் கிடையாது. என்றாலும் வட்டும் மெஷினும் இருந்தால் வீ ஃபிட்டுக்கு இணையமே தேவையில்லை. பழைய பலகையை வேறொரு மெஷினோடு இணைக்க வேண்டுமானால், பேட்டரி மூடிக்கு உள்ளே சிவப்புப் பொத்தான் இருக்கிறது. அதையும் மெஷினில் உள்ள சிவப்புப் பொத்தானையும் அழுத்தினால் இரண்டும் சேர்ந்துகொள்ளும்.

வெளிநாட்டுச் சொந்தக்காரர் கொடுத்த இந்தப் பலகை உங்கள் வீட்டுப் பரணிலும் கிடக்கலாம். இந்த வாரமே இறக்கி, அடிமூடியைத் திறந்து, உள்ளே இருக்கும் 4 டபுள் ஏ பேட்டரிகளை எடுத்துவிடுங்கள். அவை கசிந்து தகட்டை அரித்துவிட்டால் பலகை போய்விடும். அரிக்காமல் இருந்தால் புது பேட்டரி போட்டு, தரையில் மட்டமான இடம் பார்த்து, வீட்டில் மூத்தவரை முதலில் ஏற்றுங்கள்.