அச்சேறாவிட்டாலும் எழுதி வை

பத்திரிகைத் தொழிலுக்கு வரும் பிள்ளைகள் "ஐயா, ஆசிரியராக வருவதற்கு என்ன செய்ய வேண்டும்?" என்று கேட்டால், நான் தார்சி வித்தாச்சியைப் பற்றிச் சொல்லத் தொடங்கிவிடுவேன். 1921இல் இலங்கையில் பிறந்த சிங்களவர். இளம் வயதிலேயே 'சிலோன் ஒப்சேவர்' ஆசிரியரானவர். அவருடைய நையாண்டிப் பத்திகளுக்கென்றே ஒரு வாசகர் கூட்டம் இருந்தது. ஆனாலும் நான் அவரைக் கையெடுத்துக் கும்பிடுவது 1958ஆம் ஆண்டுக்காக.

அந்த ஆண்டு மே மாதம் தமிழருக்கு எதிரான வன்முறை வெடித்தது. 22ஆம் திகதி பொலன்னறுவை ரயில் நிலையத்தில் பயணிகள் தாக்கப்பட்டார்கள். வெட்டும் தீ வைப்பும் ஊர் ஊராகப் பரவின. அரசாங்கம் அவசரகால நிலையைப் பிரகடனம் செய்தது 27ஆம் திகதி. கூடவே தணிக்கையும் வந்தது. செய்தி கையில் இருக்கிறது, அச்சில் ஏற்ற வழியில்லை. பல ஆசிரியர்கள் அந்தக் குறிப்புகளை லாச்சிக்குள் போட்டுப் பூட்டிவிட்டு நாளைய பக்கத்துக்குப் போயிருப்பார்கள். வித்தாச்சி அவற்றைச் சேர்த்து, நாள்வாரியாக அடுக்கி, 'எமர்ஜென்சி 58' என்று ஒரு நூலாக்கினார். அதே வருடம் அது லண்டனில் வெளிவந்தது. தன் இனத்தார் செய்ததையும், அரசு கைகட்டி நின்ற நாட்களையும் சொந்தப் பெயரிலேயே எழுதினார்.

பாணந்துறையில் நடந்ததைக் கேளுங்கள். அந்த ஊர் ஆசிரியை ஒருத்தியை மட்டக்களப்பில் தமிழர் சிதைத்துக் கொன்றுவிட்டார்கள் என்று ஒரு கதை கிளம்பியது. கேட்டவர்கள் கொதித்தெழுந்தார்கள். இந்துக் கோயில் குருக்களை வெளியே இழுத்து உயிரோடு கொளுத்தினார்கள். பிறகு கல்வி அமைச்சு விசாரித்தபோது, மட்டக்களப்பில் பாணந்துறையைச் சேர்ந்த ஆசிரியை ஒருவர்கூடப் பணியில் இல்லை என்று தெரிந்தது. ஆசிரியர் பட்டியலை ஒருவர் எடுத்துப் பார்க்க எவ்வளவு நேரம் ஆகியிருக்கும்? இன்று உங்கள் கைபேசிக்கு நிமிடத்துக்கு ஒன்றாக வரும் தகவல்களைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு அந்தப் பட்டியல்தான் நினைவுக்கு வருகிறது. கந்தோருக்கு ஒரு தொலைபேசி அழைப்பு, பதிவேட்டில் ஒரு பார்வை. அதைச் செய்யாமல் எந்தச் செய்தியையும் மேசைக்குக் கொண்டுவராதீர்கள்.

1959இல் வித்தாச்சிக்கு மக்சேசே விருது கிடைத்தது. பின்னர் நாட்டை விட்டு வெளியேறி, சர்வதேசப் பத்திரிகை நிறுவனத்தின் ஆசியப் பொறுப்பாளரானார். ஆசிய நாடுகளின் பத்திரிகையாளர்களுக்குத் தொழில் பழக்கும் வேலை அது. 1967இல் மணிலாவில் ஆசியப் பத்திரிகை அறக்கட்டளை தொடங்கியபோதும் முன்னின்றவர்களில் ஒருவர். 1980களில் யுனிசெஃபின் துணை நிர்வாக இயக்குநர். தடுப்பூசியையும் உப்புச் சர்க்கரைக் கரைசலையும் வீடு வீடாகக் கொண்டுசேர்க்க அந்த நிறுவனம் பாடுபட்ட காலம். 1993இல் காலமானார்.

வித்தாச்சி மேசையில் இருந்து பழகிய பிறகே பிறருக்குப் பழக்கப் போனார். ஆனால் ஊடக ஆலோசகர் என்று அட்டை அச்சடித்துக்கொள்பவர்கள் இப்போது நிறையப் பேர். ஒரு செய்தியை இரவோடிரவாகச் சரிபார்த்து அறியாதவர், செய்தி அறைக்கு என்ன ஆலோசனை சொல்ல முடியும்? முதலில் பத்து வருடமாவது மேசையில் இருங்கள். பிரதேச நிருபர் அனுப்பும் பிழை மலிந்த பிரதியைத் திருத்துங்கள். திருத்திவிட்டு, ஏன் திருத்தினீர்கள் என்று அவருக்கே அழைத்துச் சொல்லுங்கள். ஆலோசகர் வேலை அங்கேதான் தொடங்குகிறது.

இன்னொன்றும் சொல்லிவிடுகிறேன். நீங்கள் கொண்டுவரும் செய்தியை நாங்கள் போடாத நாட்கள் வரும். முதலாளியின் நெருக்குதல், வழக்குப் பயம், சில வேளை என் போன்றவர்களின் தயக்கம். அந்த நாட்களிலும் திகதி, இடம், யார் சொன்னார், நீங்கள் கண்ணால் கண்டதென்ன, காதால் கேட்டதென்ன எல்லாவற்றையும் கொப்பியில் தனித்தனியாக எழுதி வையுங்கள். சொன்னவருக்கு ஆபத்து என்றால் அவர் பெயரை மட்டும் வேறோர் இடத்தில் வையுங்கள். கொப்பியை அலுவலகத்தில் விட்டுவிட்டுப் போகாதீர்கள்.