தெருவின் மேல் ஒரு கூரை

யாழ்ப்பாண நகரிலிருந்து பருத்தித்துறை ஏறத்தாழ 33 கிலோமீற்றர் தொலைவிலுள்ளது. வழியில் வல்லை வெளியைக் கடக்கும்போது இருமருங்கும் வெயிலன்றி வேறொன்றும் கண்ணிற்படுவதில்லை. நாம் சென்றது சித்திரை மாதத்து நண்பகல். பஸ்ஸைவிட்டு இறங்கித் தும்பளை நோக்கிச் செல்லும் வீதியில் நடக்கலானோம். நகரமைப்புக் கலை பயிலும் எம் தமக்கையின் மகனும் உடன் வந்திருந்தான். "மாமா, ஒரு மடத்தைப் பார்ப்பதற்கோ இந்த வெயிலில் வந்தோம்?" என்று அவன் கேட்டு வாய்மூடுமுன் வெயில் நின்றுவிட்டது. நாம் மடத்தினுள் இருந்தோம்.

'உள்ளே நுழைந்தோம்' என்று எழுத இயலவில்லை. தெருமூடிமடத்துக்கு வாயிலென்று ஒன்று கிடையாது. வீதியின் இருபுறமும் உயர்ந்த திண்ணைகள், அவற்றின்மீது கற்றூண்கள், அத்தூண்கள் தாங்கும் கூரை வீதியையும் சேர்த்து மூடி நிற்கிறது. முன்னாளில் மாட்டுவண்டி உருண்ட பாதையிலே இன்று துவிச்சக்கர வண்டியும் முச்சக்கர வண்டியும் ஓடுகின்றன. "இங்கே சற்று இருக்கலாமோ?" என்று வழிப்போக்கன் எவரையும் கேட்கவேண்டியதில்லை. நடந்து வந்தவன் தன்னை அறியாமலே நிழலில் நிற்கிறான், நின்றவன் திண்ணையைக் காண்கிறான், கண்டவன் அமர்கிறான். நாமும் அமர்ந்தோம். கல் குளிர்ந்திருந்தது.

ஆறில்லாத நாடு நமது குடாநாடு. பனையின் நிழலோ ஆளுக்கு ஒரு கோடு. இங்கே வழிநடப்பவர்க்கு நிழலும் நீரும் யாரேனும் ஆக்கிவைத்தால்தான் உண்டு. ஆகவே செல்வர்கள் அறமெனக் கருதி மடங்களைக் கட்டினர். கந்தர்மடம், ஆறுகால்மடம், ஓட்டுமடம் என்னும் ஊர்ப்பெயர்களிலே அவற்றின் நினைவு இன்றும் வழங்குகிறது. மடமிருந்தால் அயலில் ஒரு கேணி இருக்கும். பிறர் கைகொடாமலே தலைச்சுமையை இறக்கி ஏற்றுதற்குத் தோளுயரத்தில் சுமைதாங்கி இருக்கும். கருவுற்ற நிலையில் இறந்த பெண்ணின் நினைவாக அதனை எழுப்புவது வழக்கம். மாடு தன் உடலை உராய்ந்து தினவு தீர்த்துக்கொள்ள ஆவுரஞ்சிக்கல் என்று ஒரு கல்லும் நாட்டினார்கள். மாட்டின் முதுகு அரிப்பதையும் எண்ணிப் பார்த்த நகரமைப்பாளர் இக்காலத்தில் எத்தனை பேர் உளர் என்று மருமகனைக் கேட்டோம். அவன் சிரித்தான்.

பின்னர் அவனே ஒரு செய்தி கூறினான். வில்லியம் வைட் என்னும் அமெரிக்கர், நியூ யோர்க் நகரத்துச் சதுக்கங்களைப் படமெடுத்து ஆராய்ந்து, 1980ஆம் ஆண்டில் ஒரு நூல் வெளியிட்டாராம். சில சதுக்கங்களில் கூட்டம் நிறைவதும் சில வெறிச்சோடிக் கிடப்பதும் ஏன் என்பதே அவருடைய வினா. கட்டடத்தின் அழகு அதற்குக் காரணமாகவில்லை. அமர்வதற்கு இடம் இருந்தால் மக்கள் அமர்ந்தனர். பிறரைக் காணக்கூடிய இடத்தையே நாடினர். தெருவோடு ஒட்டிய சதுக்கம் நிறைந்தது. படியிறங்கிச் செல்லவேண்டிய பள்ளச் சதுக்கம் பெரும்பாலும் வெறுமையாயிற்று. "இதைத்தான் மாமா, ஒரு தவணை முழுவதும் படித்தோம்" என்று சொல்லியவாறே திண்ணையைக் கையால் தடவினான்.

எனினும் பழமையைப் புகழ்ந்து முடித்துவிட எமக்கு மனம் வரவில்லை. வாயில் இல்லாத மடம் என்றோம். கண்ணுக்குத் தெரியாத வாயில் ஒன்று இந்நாட்டில் இருந்தது. ஊர்க்கிணற்றடியில், தாமே நீர் அள்ளும் உரிமையின்றி, பிறர் வார்ப்பதற்காகக் காத்துநின்ற மக்கள் இருந்தனர். தேநீர்க்கடையில் அவர்களுக்கு வேறு பாத்திரம், வேறு இடம். பொது இடங்களில் சாதி காரணமாக ஒருவரைத் தடுப்பது குற்றமென்று 1957ஆம் ஆண்டின் 21ஆம் இலக்கச் சட்டம் விதித்தது. அதன் பின்னரும் 1968இல் மாவிட்டபுரம் கந்தசுவாமி கோயில் வாயிலில் அறப்போர் நிகழவேண்டியிருந்தது. அத்தகைய நாட்டிலே மடத்துத் திண்ணை மட்டும் எல்லார்க்கும் ஒருபடித்தாய் இருந்திருக்கும் என்று நம்ப இடமில்லை. கல்லை நாட்டியவர் மாட்டுக்கு இரங்கினார். மனிதருள் சிலரை மறந்தார்.

ஆகையால் எமக்கு இன்னோர் இடமும் நினைவுக்கு வந்தது. நல்லூர்க் கந்தசுவாமி கோயில் மகோற்சவம் 25 நாட்கள் நடைபெறும். அக்காலத்தில் கோயிலைச் சூழ்ந்த வீதிகளில் வாகனங்கள் மறிக்கப்படும். மாலையானதும் குடும்பம் குடும்பமாக மணலில் அமர்வார்கள். கச்சான் கடலையின் கோது மணலில் குவியும், பிள்ளைகள் புரள்வர், முதியோர் கால் நீட்டுவர். யார் பக்கத்தில் யார் என்று கேட்பதற்கு அந்த நெரிசலில் எவர்க்கும் நேரமில்லை. எவரும் கட்டடம் ஒன்றும் புதிதாகக் கட்டிவிடவில்லை. வண்டிகளை நிறுத்தினர், மணல் இருந்தது, தண்ணீர்ப்பந்தல் போட்டனர், அவ்வளவே. திருவிழா முடிந்ததும் தடை நீங்கும், மோட்டார் வண்டிகள் திரும்பிவரும், உட்கார்ந்தவர்கள் எழுந்துபோவார்கள். எஞ்சிய 340 நாட்களுக்கும் நகரத்தில் கால் நீட்டி இருக்க எங்கே போவது? பண்ணைக் கடலோரம் இருக்கிறது. மாலையில் அங்கே காற்றும் உண்டு, கூட்டமும் உண்டு. நண்பகலில் நகருக்கு வந்து அடுத்த பஸ்ஸுக்குக் காத்திருக்கும் கிழவிக்கு அது பயன்படாது.

நாம் இவ்வாறு பேசிக்கொண்டிருக்கையில், சந்தைப் பை இரண்டைச் சுமந்தவாறு ஓர் அம்மையார் வந்தார். பைகளைத் திண்ணையில் வைத்தார். முந்தானையால் முகம் துடைத்தார்.

"தம்பி, கொஞ்சம் அங்காலை நகரும்" என்றார் மருமகனிடம்.

அவன் நகர்ந்தான்.